அளந்து பறித்த நிலம்

(மாணவர் கூட்டமொன்றில் பேசியதன் எழுத்து வடிவம்)

தோழர்களே, அயர்லாந்து என்றதும் எல்லாரும் உருளைக்கிழங்குப் பஞ்சத்திலிருந்துதான் ஆரம்பிப்பார்கள். நான் நிலம் அளந்த சங்கிலியிலிருந்து ஆரம்பிக்கிறேன்.

1607இல் வடக்கே அல்ஸ்டர் பகுதியின் தலைவர்கள் ஹியூ ஓ'நீலும் ரோரி ஓ'டொனலும் கப்பலேறி ஐரோப்பாவுக்குப் போய்விட்டார்கள். துரோகிகள் என்று சொல்லி ஆறு மாவட்ட நிலத்தை ஆங்கில அரசு எடுத்துக்கொண்டது. தலைவன் ஓடினான், சரி. உழுதவன் எங்கே ஓடினான்? அங்கேயேதான் கிடந்தான். அவன் நிலமும் சேர்ந்து போச்சு. 1609 முதல் ஆயிரம், ஆயிரத்தைந்நூறு, இரண்டாயிரம் ஏக்கர் என்று கூறுபோட்டு இங்கிலாந்து, ஸ்காட்லாந்துக்காரர்களுக்குக் கொடுத்தார்கள். வெளியிலிருந்து குடிகளைக் கொண்டுவரணும், ஐரிஷ்காரனைக் குத்தகைக்கு வைக்கக்கூடாது என்பது அவர்களுக்கு நிபந்தனை. வந்த குடியோ போதவில்லை. ஐரிஷ்காரன் கூடுதல் குத்தகை தரத் தயாராயிருந்தான், அவனுக்குப் போக வேறு இடமில்லை. அதனால் சட்டத்தை மீறியே அவனை வைத்துக்கொண்டார்கள். சொந்த மண்ணிலேயே குத்தகைக்காரன்!

1641இல் கலகம் வெடித்தது. அதை அடக்கப் பணம் வேணுமே? இன்னும் கைப்பற்றாத ஐரிஷ் நிலத்தைக் காட்டி 1642இல் லண்டனில் பணம் திரட்டச் சட்டம் போட்டார்கள். 1649இல் கிராம்வெல் படையோடு வந்தார். சிப்பாய்க்குச் சம்பளப் பாக்கியும் நிலம்தான். பங்குபோட அளக்கணும் இல்லையா? வில்லியம் பெட்டி என்ற மருத்துவர் சிப்பாய்களையே சங்கிலி பிடிக்க வைத்து, 1655-56இல் பறிமுதலான நிலத்தையெல்லாம் அளந்து வரைபடம் போட்டார். அவரும் பெரிய நிலக்காரர் ஆனார். சிப்பாய்கள் பலர் தங்கள் நிலச்சீட்டை அதிகாரிகளிடம் அடிமாட்டு விலைக்கு விற்றுவிட்டுப் போனார்கள். அங்கேயும் மேலே இருக்கிறவன்தான் தின்றான்.

1641இல் கத்தோலிக்கர் கையில் இருந்தது சுமார் 59 சதவீத நிலம். 1703இல் 14 சதவீதம். மிச்சத்தையும் விடவில்லை. கத்தோலிக்கர் நிலம் வாங்கக்கூடாது, 31 வருடத்துக்கு மேல் குத்தகை பிடிக்கக்கூடாது என்று 1704இல் சட்டம் வந்தது.

1845இல் தொடங்கிய பஞ்சத்தில் பத்து லட்சம் பேர் செத்தார்கள். கால் ஏக்கருக்கு மேல் வைத்திருக்கிறவனுக்கு நிவாரணம் கிடையாது என்றது 1847ஆம் ஆண்டுச் சட்டம். கஞ்சி வேணுமா, நிலத்தை விடு!

1850இல் நாலு வயசில் குடும்பத்தோடு வீட்டைவிட்டு வெளியேற்றப்பட்டவர் மைக்கேல் டேவிட். 1879இல் நிலக் கழகம் தொடங்கியவர்களில் முக்கியமானவர். அடுத்த வருடம் மேயோவில் ஒரு நிலப்பிரபுவின் காரியஸ்தனுக்கு வேலை செய்ய யாரும் போகவில்லை, கடையில் சாமான் கொடுக்கவில்லை. அவன் பேர் பாய்காட். அங்கே அது கீழே இருந்தவன் எடுத்த ஆயுதம். நம்ம ஊரில் ஊர்விலக்கம் யார் கையில் இருக்கிறது என்று உங்களுக்குத் தெரியும்.

கடைசியில், முக்கியமாக 1903ஆம் ஆண்டுச் சட்டத்தால், அரசுக் கடனில் குத்தகைக்காரர்கள் நிலத்தை வாங்கினார்கள். பறிபோன நிலத்துக்கு விலை கொடுத்து, தலைமுறைக் கணக்கில் தவணை.

அதுவும் குத்தகைக்காரருக்குத்தான். கூலிக்காரனுக்கு? 1883ஆம் ஆண்டுச் சட்டப்படி ஒரு வீடு, அரை ஏக்கர். அதுவும் வாடகைக்கு. அந்த வீட்டுக்கு இடம்விட மறுத்தவர்களில், குத்தகை உரிமைக்காகப் போராடிய விவசாயிகளும் உண்டு.

நான் இங்கே நிறுத்திக்கொள்கிறேன். அந்த அரை ஏக்கரைப் பற்றி நீங்கள் பேசுங்கள்.