செல்வம் யாரிடையே சுற்றுகிறது?

 

அமெரிக்காவின் நியூயார்க் நகரில், பெரும் வங்கிகள் நிறைந்த வால் ஸ்ட்ரீட்டுக்கு அருகே ஸுகாட்டி பூங்கா என்றொரு சிறு திடல் உள்ளது. 2011 செப்டம்பர் 17 அன்று மக்கள் அங்கே திரண்டு, இரவு பகலாகத் தங்கினர். ஒரு விழுக்காட்டினரிடம் செல்வம் குவிய, எஞ்சிய 99 விழுக்காட்டினர் நாங்கள் என்று முழங்கினர்.

அவர்களின் கோபத்திற்குக் காரணம் இருந்தது. 2008இல் வட்டிக் கடன்களின் மீது எழுப்பப்பட்ட நிதிக் கோட்டைகள் சரிந்தன. அவற்றைத் தாங்கிப் பிடிக்க அமெரிக்க அரசு 70,000 கோடி டாலர் வரை ஒதுக்கியது. தவணை கட்ட இயலாத எளிய குடும்பங்களோ இலட்சக்கணக்கில் வீடிழந்தன.

அத்திடலில் எவரும் இலவசமாக உண்ணலாம், நூலகமும் இருந்தது. ஒலிபெருக்கிக்கு அனுமதி இல்லாததால், ஒருவர் பேச, அருகிலிருந்தோர் அதனை உரக்கத் திருப்பிச் சொல்லிப் பின்னாலிருப்போருக்கு எட்டச் செய்தனர். பெரிய பள்ளிவாசல்களில் இமாமின் தக்பீரை முகப்பிர் எடுத்துரைப்பதை இது நினைவூட்டவில்லையா? அக்டோபர் மாதத்தில் அங்கே ஜும்ஆத் தொழுகையும் நடந்தது.

இலண்டனிலும் செயின்ட் பால் பேராலயத்தின் முன் கூடாரங்கள் எழுந்தன. அவர்களைப் பலவந்தமாக அகற்றும் நிலை வரலாம் என்றறிந்த பாதிரியார் கைல்ஸ் ஃபிரேசர் தம் பதவியையே துறந்தார். நவம்பர் 15 அதிகாலையில் நியூயார்க் திடலைக் காவல்துறை காலி செய்தது; 2012 பிப்ரவரி இறுதியில் இலண்டன் திடலும் காலி செய்யப்பட்டது. கூடாரங்கள் போயின, கேள்வி போகவில்லை.

சகோதரர்களே! செல்வம் செல்வந்தரிடையே மட்டும் சுற்றி வரலாகாது என்பது அல்ஹஷ்ர் அத்தியாயத்தின் ஏழாம் வசனம் உணர்த்தும் நெறி. வட்டி தடுக்கப்பட்டதும், இரண்டரை விழுக்காடு ஜகாத் ஏழையின் உரிமையாக்கப்பட்டதும் இதற்காகவே. ஜகாத் தர மறுத்தவர்களை எதிர்த்து நின்றார்கள் அபூபக்ர் (ரலி) அவர்கள்.

உலகக் கணக்கில் நாம் 99இல் ஒருவராக இருக்கலாம். ஆனால் நம் தெருவில்? நம் கடைப் பையனின் கணக்கில்? நம் வீட்டில் பாத்திரம் துலக்கும் பெண்ணின் கணக்கில் நாமே அந்த ஒரு விழுக்காடு அல்லவா? உழைத்தவரின் வியர்வை உலருமுன் கூலி கொடுக்கச் சொன்ன நபி (ஸல்) அவர்களின் உம்மத்தினர், சம்பளத்தைப் பத்தாம் தேதிவரை இழுத்தடிக்கலாமா? வாடகைக்கு இருப்பவரின் முன்பணத்தைத் திருப்பித் தரத் தயங்கலாமா? பிறர் நம் வாசலில் கூடாரமிடும்வரை காத்திராமல், இன்றே கணக்கைத் தீர்ப்போம்.

பிறர் உரிமையைப் பேணி வாழும் நன்மக்களாக வல்ல அல்லாஹ் நம் அனைவரையும் ஆக்கியருள்வானாக! ஆமீன்.