பனியில் கோலமிட்ட பானின்



எழுத்தாளர்கள் புனைபெயர் வைத்துக்கொள்வது நமக்குப் புதிதல்ல. அரசாங்க உத்தியோகத்தில் இருந்துகொண்டு எழுதுகிறவர்களுக்கு அது ஒரு குடை மாதிரி. ஆனால், விளையாட்டு வீரர் ஒருவர் புனைபெயரோடு உலக அரங்கில் இறங்கியதுண்டா? உண்டு. ரஷ்யாவுக்கு முதலாவது ஒலிம்பிக் தங்கப் பதக்கத்தை வென்று கொடுத்தவரே அப்படிப்பட்டவர்தான்.

நிக்கொலாய் கொலொமென்கின் 1872ஆம் ஆண்டு வொரொனேஷ் மாகாணத்துக் கிராமமொன்றிலே பிறந்தார். சென் பீற்றர்ஸ்பேர்க்கில் பல்கலைக்கழகப் படிப்பை முடித்து நிதி அமைச்சில் உத்தியோகத்தரானார். சார் மன்னர் ஆட்சியில், அமைச்சு உத்தியோகத்தர் ஒருவர் சனங்கள் பார்த்திருக்க விளையாடுவது கௌரவக் குறைவு. ஆகவே, அலுவலகத்தில் கொலொமென்கின், பனித்தரையில் பானின்.

அந்நாளைய சித்திரச் சறுக்கலை இன்று தொலைக்காட்சியில் காணும் துள்ளலும் சுழற்சியுமாக எண்ணிவிடக்கூடாது. சறுக்குக் காலணியின் இரும்பு விளிம்பு பனிக்கட்டியில் கீறிச்செல்லும் கோடுதான் அங்கே முக்கியம். நடுவர்கள் ஆளைப் பார்ப்பதோடு நில்லாமல், குனிந்து அந்தக் கோட்டையும் ஆராய்வார்கள். மருமகள் போட்ட கோலத்தை மாமியார் பார்ப்பதுபோல என்று வைத்துக்கொள்ளுங்களேன். கோலத்தைப் போடுவது கையல்ல, கால், அவ்வளவுதான் வித்தியாசம்.

1908 ஒக்டோபரில் லண்டன் ஒலிம்பிக்கில் 'விசேட உருவங்கள்' என்றொரு போட்டி நடந்தது. வீரர் தாமே உருவங்களைக் கற்பனை செய்து, அவற்றின் வரைபடங்களை நடுவர்களிடம் முன்கூட்டியே கையளிக்கவேண்டும். பிறகு அவற்றை அச்சொட்டாகப் பனியில் கீறிக்காட்டவேண்டும். முப்பத்தாறு வயதுப் பானின், இரண்டு ஆங்கிலேயரைப் பின்தள்ளித் தங்கம் வென்றார். அந்தப் போட்டி ஒலிம்பிக்கில் அதற்கு முன்னும் இல்லை, பின்னும் இல்லை.

ஆனால், அவர் மனம் இருந்தது ஆண்கள் தனிநபர் போட்டியில் என்றே எனக்குப் படுகிறது. சுவீடன் நாட்டு உல்ரிக் சல்கோ அவருடைய பழைய எதிராளி. 1903இல் சென் பீற்றர்ஸ்பேர்க்கில் நடந்த உலகப் போட்டியில், சொந்த ஊர்ச் சனங்களின் முன்னாலேயே பானினை இரண்டாமிடத்துக்குத் தள்ளியவர். 1908இன் தொடக்கத்தில் அதே நகரில் பானின் அந்தக் கடனைத் தீர்த்தார். லண்டனிலோ, கட்டாய உருவங்கள் முடிந்தபோது மீண்டும் சல்கோவுக்குப் பின்னால் இரண்டாமிடம். நடுவர்கள் பக்கஞ்சாய்ந்தார்கள் என்று மனம் கசந்து, எஞ்சிய பகுதியில் ஆடாமலே அவர் விலகிவிட்டார். அந்த விலகல் சரியா, பிழையா? ஆடியிருந்தால் வெள்ளியாவது கிடைத்திருக்கும் என்று கணக்குப் பார்ப்பவர்கள் இருக்கலாம். அவர் அந்தக் கணக்கைப் பார்க்கவில்லை.

சைக்கிளோட்டம், துடுப்புப் படகு என்று அவர் கைவைத்த விளையாட்டுகள் பல. கால் அளவுக்குக் கையும் நிதானமானது. 1912 ஸ்ரொக்ஹோம் ஒலிம்பிக்கில் கைத்துப்பாக்கி சுடும் போட்டிகளில் ரஷ்யாவுக்காகக் கலந்துகொண்டார். புரட்சி வந்தது, மன்னராட்சி போனது; 1928இல் சோவியத் நாட்டின் ஸ்பார்த்தகியாத் விழாவிலே, ஐம்பத்தாறு வயதில், சுடுவதில் மீண்டும் முதலிடம்!

சித்திரச் சறுக்கல் பற்றி 1910இல் ரஷ்ய மொழியில் விரிவான நூலொன்று எழுதினார். பிற்காலத்தில் லெனின்கிராத் உடற்கல்வி நிறுவனத்தில் அக்கலையைக் கற்பித்தார். மன்னரும் இல்லை, மறைக்கவேண்டிய அமைச்சும் இல்லை. ஆனாலும், புனைபெயரை அவர் கழற்றி எறியவில்லை. சொந்தப் பெயரின் முன்னால் சேர்த்துக்கொண்டார். 1956 ஜனவரியில், எண்பத்து நான்காவது வயதில், லெனின்கிராத்தில் காலமானபோது அவர் பானின்-கொலொமென்கின்.

லண்டன் பனித்தரையில் அவர் கீறிய கோடுகள் அன்றே அழிந்திருக்கும். நடுவர்களிடம் அவர் நீட்டிய உருவங்கள் மட்டும் காகிதத்தில் இன்றும் இருக்கின்றன.