வேடம் கலைந்த பின்



ஜவ்வாது மலையின் அடிவாரத்தில் விரிந்து கிடக்கும் திருவண்ணாமலை வட்டாரம் தெருக்கூத்தின் தாய்நிலங்களுள் ஒன்று. திரௌபதி அம்மன் திருவிழாக்களில் விடிய விடிய நடக்கும் கூத்தில் பாஞ்சாலியாக வருபவர் மரபுப்படி ஓர் ஆடவரே. இரவில் அவரைக் கைகூப்பி வணங்கிய ஊர், விடிந்ததும் அவர் நடையைக் கண்டு நகைப்பதுண்டு. வேடத்திற்கு வாய்க்கும் மதிப்பு, வேடம் கலைத்த மனிதருக்கு வாய்ப்பதில்லை. தெற்கே நெல்லைச் சீமையிலும் இதே நிலைதான். அங்கே பெண் வேடமிட்டு ஆடிவந்த கூத்துக் கலைஞர் நெல்லை தங்கராஜ். இந்த முரணைத் திரையில் தம் உடம்பாலேயே எடுத்துரைத்தவர் அவர்.

மாரி செல்வராஜின் முதற்படமாகிய ‘பரியேறும் பெருமாள்’ 2018 செப்டம்பர் 28 அன்று வெளியாயிற்று. பா. இரஞ்சித்தின் நீலம் நிறுவனம் தயாரித்த முதல் படமும் அதுவே. கதையில் சட்டக் கல்லூரி மாணவன் பரியன், தன் தந்தை பெண் வேடமிட்டு ஆடுபவர் என்பதைக் கல்லூரியில் மறைக்கிறான். தந்தையை அழைத்துவரச் சொன்னபோது வேறொருவரைத் தந்தையாக நிறுத்துகிறான். பின்னர் உண்மைத் தந்தையே வந்து நிற்கும்போது, மாணவர் சிலர் அவருடைய வேட்டியை உருவி, அவரைச் சாலையில் ஓட ஓட விரட்டுகின்றனர். அந்தத் தந்தையாக நடித்தவரே தங்கராஜ். தேர்ந்த நடிகர் எவரும் அந்த ஓட்டத்தை ஓடிக் காட்டியிருக்கலாம். ஆயின் அவருடைய நாணமும் நெளிவும் கூத்தாடிப் பழகிய உடம்பிலிருந்து வந்தவை. பயிற்சியால் வருவன அல்ல. நீண்ட உரையாடல் ஏதுமின்றி அவர் சாதித்தது அதுவே.

படம் பேரும் புகழும் பெற்றது. தங்கராஜோ வெள்ளரிக்காய் விற்றே பிழைத்து வந்தார். அவருடைய வறுமை செய்தியான பின்னரே, 2021இல், மாவட்ட நிர்வாகமும் எழுத்தாளர், கலைஞர் அமைப்பினரும் உதவ முன்வந்தனர். 2023 பிப்ரவரி 3 அன்று அவர் மறைந்தார்.

தெருவிலிருந்து திரைக்குச் சென்ற வழியில் தங்கராஜுக்குக் கிடைத்தவை தமிழ்நாடறிந்த ஒரு முகமும், காலம் கடந்து வந்த ஒரு பரிவும். திரைப்படம் கலைஞனைக் கண்டெடுக்கிறது. காப்பாற்றுவது அதன் வேலை என்று அது கருதுவதில்லை. அப்பணி ஊருக்கு உரியது. ஊரின் மனச்சாட்சி என்று தம்மைச் சொல்லிக்கொள்ளும் கவிஞர்க்கு முதற்கண் உரியது.

மறைந்த பின் இரங்கற்பா பாடுதல் எளிது. இம்மலையடிவாரத்து ஊர்களில் இன்று இரவும் யாரேனும் ஒருவர் பாஞ்சாலியாக அரிதாரம் பூசக்கூடும். விடிந்தபின் அவர் வீட்டில் அடுப்பு எரிகிறதா என்று கேட்பதையும் தன் கடமையாக இம்மன்றம் தன் பதினோராம் ஆண்டில் ஏற்குமாயின், அதுவே இவ்விழாவின் பயன்.