பார்படோஸ் தோட்டத்தில் ஒரு பாதித் தாள்

(தோட்ட வாசிகசாலையில் நடந்த ஞாயிறு ஒன்றுகூடலில் நமது தோட்ட நலன்புரி உத்தியோகத்தர் ஆற்றிய உரை)



போன மாதம் சேமலாப நிதிப் படிவம் நிரப்ப வந்த ஒரு அக்கா என்னிடம் கேட்டாங்க: "ஐயா, இந்தத் துரை, கங்காணி, பெரட்டு, செக்ரோல் எல்லாம் வெள்ளைக்காரன் நமக்குன்னே கண்டுபிடிச்சதா?" வெளியே வரிசையில் ஆட்கள் நின்றதால் அன்றைக்குப் பதில் சொல்ல முடியவில்லை. இன்றைக்குச் சொல்கிறேன்.

நமக்காகக் கண்டுபிடிச்சது இல்லை. நம்ம பூட்டன்மார் கோப்பிக்காட்டுக்கு நடந்து வருவதற்கு ஏறக்குறைய இருநூறு வருசத்துக்கு முன்னாலேயே, பார்படோஸ் என்ற தீவில் அது நடந்துகொண்டிருந்தது. கிரிக்கெட் பார்க்கிற தம்பிமாருக்கு இந்தப் பேர் தெரியும், கார்பீல்ட் சோபர்ஸ் பிறந்த ஊர். சின்னத் தீவு. நுவரெலியா மாவட்டத்தை நாலு பங்கு வைத்தால் ஒரு பங்கு அளவுதான் வரும். ஆங்கிலேயர் 1627இல் அங்கே குடியேறினார்கள். முதலில் புகையிலையும் பருத்தியும் போட்டார்கள், பெரிசாகக் கிடைக்கவில்லை. 1640களில் கரும்பு வந்தது. அதிலிருந்துதான் இந்தக் கதை.

அங்கே முதலில் வேலை செய்த கூலிகளில் பெரும்பாலானவர்கள் யார் என்று நினைக்கிறீர்கள்? வெள்ளைக்காரர்கள். இங்கிலாந்து, அயர்லாந்து, ஸ்கொட்லாந்து ஏழைகள். கப்பல் காசு கொடுக்க வழியில்லாதவன் ஒரு ஒப்பந்தத் தாளில் கையெழுத்தோ கீறலோ போட்டுக் கொடுப்பான். நாலைந்து வருசம் சம்பளமில்லாமல் உழைக்க வேண்டும். சாப்பாடும் துணியும் எசமான் பொறுப்பு. ஒரே விசயத்தை இரண்டு தடவை எழுதி, நடுவில் பல்லுப் பல்லாக வெட்டி, ஒரு பாதி எசமானுக்கு, மறு பாதி கூலிக்கு. பின்னாளில் வழக்கு வந்தால் இரண்டையும் பொருத்திப் பார்க்கலாம். 'இன்டென்ச்சர்' என்ற இங்கிலீஷ் சொல்லே அந்தப் பல்லிலிருந்து வந்ததுதான். யோசித்துப் பாருங்கள், எழுத்து வாசிக்கத் தெரியாதவனுக்குக்கூட அந்தப் பாதித் தாள் ஒரு பிடி.

தாள் இல்லாமல் போய்ச் சேர்ந்தவன் கதி வேறு. அவனை 'ஊர் வழக்கப்படி' என்று சொல்லி வைத்துக்கொள்வார்கள், பெரும்பாலும் தாள் உள்ளவனைவிடக் கூடுதலான வருசத்துக்கு. போரில் பிடிபட்டுக் கட்டாயமாக ஏற்றி அனுப்பப்பட்டவர்களும் இருந்தார்கள். ஆளின் மிச்ச வருசத்தை ஒரு துரை இன்னொரு துரைக்கு விற்கலாம். 1647இல் அங்கே போன ரிச்சர்ட் லிகன் என்பவர், பிறகு எழுதிய புத்தகத்தில் ஒரு விசயத்தைச் சொல்கிறார். அடிமை காலமெல்லாம் தன் சொத்து என்பதால் எசமான் அவனைக் கவனிப்பான். ஒப்பந்தக்காரன் ஐந்து வருசம்தானே என்று பிழிந்து எடுப்பான், என்கிறார். ஒப்பந்தக்காரர்கள் 1649இல் கலகம் செய்யத் திட்டம் போட்டார்கள். ஒருவன் போய்ச் சொல்லிவிட்டான். 18 பேரைக் கொன்றார்கள்.

தவணை முடிந்தவனுக்கு விடுதலைப் பங்கு என்று ஒன்று உண்டு. ஆரம்பத்தில் காணி தருவதாகச் சொன்னார்கள். கரும்பு வந்ததும் காணியெல்லாம் பெரிய துரைமார் கைக்குப் போய்விட்டது. கிடைத்தது பத்துப் பவுண் அல்லது 400 இறாத்தல் சீனி. 1680 குடிக்கணக்கின்படி 175 பெருந்தோட்டக்காரர் கையில் தீவின் பாதிக்கு மேற்பட்ட காணி இருந்தது.

இதற்கிடையில் ஆபிரிக்காவிலிருந்து கப்பல் கப்பலாக ஆட்களைப் பிடித்துக் கொண்டுவந்தார்கள். 1680இல் அடிமைகள் 38,000க்கு மேல். இவர்களுக்குப் பாதித் தாளும் இல்லை, தவணையும் இல்லை. தாய் அடிமை என்றால் பிள்ளையும் அடிமை. எசமானின் சொத்துப் பட்டியலில் மாடு, குதிரை, சீனிப்பாகு காய்ச்சும் செப்புக் கொப்பரை, அதோடு இவர்கள் பேரும் இருக்கும். அந்தப் பேரும் பெரும்பாலும் எசமான் வைத்தது. 1661இல் ஒரே வருசத்தில் இரண்டு சட்டம் போட்டார்கள், ஒப்பந்தக்காரருக்கு ஒன்று, அடிமைகளுக்கு ஒன்று. இரண்டு கூட்டமும் ஒன்றுசேர்ந்துவிடக் கூடாது என்ற பயம் அதில் தெரிகிறது. அடிமை தோட்டத்தை விட்டு வெளியே போவதென்றால் எசமான் எழுதிக் கொடுத்த டிக்கட் வேண்டும். இந்தச் சட்டத்தைப் பார்த்து ஜமெய்க்காவும் 1664இல் எழுதிக்கொண்டது.

வேலையும் நமக்குப் புதுசாக இருக்காது. ஆட்களைக் கேங் கேங்காகப் பிரிப்பார்கள். பலசாலிகள் முதல் கேங், அடுத்தவர்கள் இரண்டாவது, சின்னப் பிள்ளைகள் புல்லுப் பிடுங்கும் கேங். மேலே ஒரு காவற்காரன், அவனுக்கு மேலே கணக்கு எழுதுகிறவன். வெட்டின கரும்பை உடனே ஆட்டாவிட்டால் புளித்துவிடும் என்பதால் கொப்பரை இராத்திரியிலும் கொதிக்கும்.

பிரித்தானியர் அடிமை முறையை 1834இல் ஒழித்தார்கள். நட்டஈடு இரண்டு கோடிப் பவுண், அதுவும் எசமானுக்கு. அடிமையாக இருந்தவனுக்கு ஒரு சதமும் இல்லை. அதற்கு மேலே 'பழகுநர்' என்று பேர் வைத்து 1838 வரை சும்மா வேலை வாங்கினார்கள்.

சரி, பார்படோஸ் எங்கே, நம்ம மலை எங்கே? டைட்லர் என்று ஒரு துரை. ஜமெய்க்காவில் கோப்பி வேலை பழகியவர். 1837இல் இலங்கைக்கு வந்து, மேற்கிந்தியத் தீவுகளின் கோப்பி முறையை இங்கே காட்டிக்கொடுத்தவர் அவர்தான். அந்த நேரத்தில்தான் நம்ம ஆட்கள் தமிழ்நாட்டிலிருந்து வந்தார்கள். நாம் அடிமையாக வந்தோம் என்று சிலர் மேடையில் பேசுவார்கள். எனக்கு அது சரியாகப் படவில்லை. அந்த ஆபிரிக்கச் சனம் பட்டதை நம்ம கணக்கில் எழுதக் கூடாது. ஆனால் துரைமாரின் பழக்கம் கப்பலேறி வந்தது உண்மை. 1865ஆம் ஆண்டுச் சட்டப்படி சொல்லாமல் வேலையை விட்டுப் போனால் மறியல். கங்காணியிடம் வாங்கிய முற்பணத்தைத் துண்டில் எழுதி, கடனைக் கட்டினால்தான் ஆள் வேறு தோட்டத்துக்குப் போகலாம் என்று வைத்தார்கள். அந்தத் துண்டு முறை ஒழிந்தது 1921இல்தான். துண்டு ஆளின் கையில் இருந்தாலும் அதில் எழுதினது யார்? வாசிக்கத் தெரிந்தவன்.

என் அம்மா 31 வருசம் கொழுந்து எடுத்தவங்க. செக்ரோலில் ஒரு பேர், அடையாள அட்டையில் ஒரு எழுத்துக் கூட, கலியாணப் பதிவில் வேறு பேர். எழுதினவர் காதில் எப்படி விழுந்ததோ அப்படி. சேமலாப நிதிக் காசு எடுக்க இரண்டு வருசம் நடந்தோம். ஒரு கந்தோரில், "மூன்று பேரில் நீ யாரம்மா?" என்று சிரித்தார்கள். அம்மா, "மூணு பேரும் நான்தானுங்க, மூணு பேரும் வேலை செஞ்சது" என்றாங்க. காசு கையில் கிடைக்கும்போது கண் சரியாகத் தெரியாது. எண்ணிப் பார்க்கச் சொல்லி என்னிடம் தந்தாங்க.

முழுப்பேர், அரைப்பேர் என்று தினமும் சண்டை பிடிக்கிறோம், அது வேண்டியதுதான். நம்ம சொந்தப் பேர் புத்தகத்தில் எப்படிக் கிடக்கிறது என்று எத்தனை பேர் பார்த்திருக்கிறீர்கள்? கடன் கொடுக்கிறவர்கள் வீடு தேடி வந்து கையொப்பம் கேட்கிறார்கள். அதில் உங்களுக்கென்று ஒரு பிரதி வாங்கி வைத்தவர்கள் எத்தனை பேர்? கையைத் தூக்குங்கள் பார்ப்போம்.

அடுத்த ஞாயிறு காலை ஒன்பது மணிக்கு நான் இங்கேதான் இருப்பேன். அடையாள அட்டை, பிறப்புச் சான்று, கலியாணச் சான்று, சேமலாப நிதி அட்டை, கடன் தாள், எது இருந்தாலும் கொண்டு வாங்க. கிழிஞ்சிருந்தாலும் பரவாயில்லை, பாதியாக இருந்தாலும் கொண்டு வாங்க.