நம்ம குரலும் ரேடியோவுல கேக்கட்டும்

(கூட்டமைப்பின் ஆண்டுப் பொதுக்குழுவில் பேசியது)



ரேடியோ பத்திப் பேசச் சொல்லி எனக்குப் பத்து நிமிஷம் குடுத்திருக்காங்க. "இப்ப யாரு தாயி ரேடியோ கேக்கா?"ன்னு பின்வரிசையில ஒரு அக்கா சொன்னது காதுல விழுந்துச்சு. அந்தக் கேள்விக்குத்தான் பதில் சொல்லப் போறேன்.

திருநெல்வேலி வானொலி நிலையம் 1963-ல ஆரம்பிச்சது. 1197-ல முள்ளை வச்சா கிருஷ்ணன்கோவில், வத்திராயிருப்புப் பக்கத்துத் தோப்புக்குள்ளயும் கேக்கும். அது மீடியம் வேவ், ஏ.எம். அந்த அலை தரையை ஒட்டியே ஓடி வர்றதால ரொம்ப தூரம் வரும். ரெண்டு பேட்டரி போட்ட சின்னப் பெட்டி போதும். நம்ம அம்மாமாருக்கு மாதர் நிகழ்ச்சி, விவசாய நிகழ்ச்சி, நாடகம், நேயர் விருப்பம் எல்லாம் அதுலதான். கை தீப்பெட்டி ஒட்டிக்கிட்டு இருக்கும், காது மட்டும் அங்க இருக்கும். டிவியைப் பார்த்துக்கிட்டு அப்படி வேலை ஓடுமா?

ரேடியோவால என்ன நடந்துச்சுன்னு கேட்டா தஞ்சாவூர்க்காரங்களைக் கேக்கணும். 1960-களில் ஆடுதுறை 27-ன்னு ஒரு புது நெல் வந்துச்சு. அதைப் பத்தித் திருச்சி வானொலியில திரும்பத் திரும்பச் சொன்னதைக் கேட்டு விவசாயிங்க நட்டாங்க. அந்த நெல்லுக்கே ஜனங்க 'ரேடியோ நெல்லு'ன்னு பேர் வச்சுட்டாங்க!

ஆனா அதுல பேசினவங்க நிலையத்துக்காரங்க. நம்ம கேட்டோம், அவ்வளவுதான். நம்மளே பேசுற ரேடியோ இருக்கான்னா, இருக்கு.

தெலுங்கானாவுல ஜகீராபாத் பக்கம் மாச்னூர்னு ஒரு கிராமம். அங்க 'சங்கம் ரேடியோ' நடத்துறது நம்மள மாதிரி சங்கத்துப் பொம்பளைங்க. தலித் குடும்பத்துப் பொண்ணுங்க, மானாவாரிக் காட்டுல வேலை செய்றவங்க. நிகழ்ச்சி தயாரிக்கிற ரெண்டு பேருக்குமே நரசம்மான்னுதான் பேர். குழப்பம் வராம இருக்க ஒருத்தரை ஜெனரல் நரசம்மா, இன்னொருத்தரை அல்கோல் நரசம்மான்னு கூப்பிடுறாங்க. (நம்ம கூட்டமைப்புல எத்தனை மாரியம்மா இருக்கோம், நமக்கும் இது உதவும்.) விதை, கம்பு சோளம், கை வைத்தியம், பழைய பாட்டு எல்லாம் அவங்க ஊர்ப் பேச்சுலயே போகுது.

அது சும்மா கிடைச்சுடலை. 1995-ல உச்ச நீதிமன்றம், வானத்துல போற அலை பொதுமக்கள் சொத்துன்னு தீர்ப்பு சொல்லுச்சு. அதுக்கப்புறமும் லைசென்ஸ் தரலை. 2002-ல காலேஜ்களுக்குத்தான் முதல்ல அனுமதி. 2006-லதான் தொண்டு நிறுவனங்களுக்கும் கதவு திறந்துச்சு. அதுவரைக்கும் அந்தப் பொம்பளைங்க கையைக் கட்டிக்கிட்டு இருக்கலை. நிகழ்ச்சிகளைக் கேசட்டுல பதிஞ்சு சங்கக் கூட்டத்துல போட்டுக் காட்டினாங்க. கடைசியா 2008 அக்டோபர் 15, உலகக் கிராமப்புறப் பெண்கள் தினத்துல ரேடியோ ஒலிச்சுச்சு. தீர்ப்புச் சொன்ன நீதிபதிகள்ல ஒருத்தரான பி.பி. சாவந்தே வந்து தொடங்கி வச்சார்.

நம்ம தமிழ்நாட்டுலயும் பாம்பன்ல மீனவங்களுக்குன்னே 'கடல் ஓசை' 2016-ல வந்துச்சு.

சட்டத்தையும் சுருக்கமாச் சொல்லிடுறேன். தனி ஆளுக்கோ கட்சிக்கோ கிடையாது. அமைப்பு பதிவாகி மூணு வருஷமாவது ஆகியிருக்கணும். இது எஃப்.எம்., சக்தி 100 வாட்தான், சுத்துவட்டாரத்துக்கு மட்டும் கேக்கும். பாதி நிகழ்ச்சியாவது உள்ளூர் ஜனங்க பங்கெடுத்ததா இருக்கணும். சொந்தமா அரசியல் செய்தி வாசிக்க முடியாது. ஆனா மழை, தண்ணி, கரண்டு, பரீட்சை, வேலை வாய்ப்பு, ஊர்த் திருவிழா எல்லாம் சொல்லலாம். நமக்கு வேண்டியதும் அதுதான?

இப்ப "வாட்ஸ்அப் இருக்கே"ம்பீங்க. எங்க தெருவுல ஒரு பெரியம்மா. முதியோர் பென்ஷனுக்கு மனு வாங்குற முகாம் நடந்துச்சு. சேதி மகன் போனுக்கு வந்துச்சு. மகன் இருக்கிறது திருப்பூர்ல. பெரியம்மாவுக்குத் தெரியும்போது முகாம் முடிஞ்சு நாலு நாள். நம்ம குழுவுல சொந்தமா போன் வச்சிருக்கிறவங்க கை தூக்குங்கன்னா பாதிக் கை கூட வராது. வச்சிருக்கிறவங்களுக்கோ, ஒரு பட்டனை அமுக்கினா கடன்னு கூப்பிடுற ஆப்பு வேற. அதுல மாட்டி, அப்புறம் வெளிய வந்த ஒரு தங்கச்சி, மைக் முன்னால அஞ்சு நிமிஷம் பேசினா எத்தனை வீடு தப்பிக்கும்! பேர் சொல்ல வேண்டாம், குரல் போதும்.

ஸ்டேஷன் வைக்கப் பணம் எங்கன்னு பொருளாளர் அக்கா என்னையே பாக்காங்க. இன்னைக்கு ஸ்டேஷன் கேக்கலை அக்கா. மாச்னூர்ப் பொம்பளைங்க கேசட்டுல செஞ்சதை நம்ம போன்ல செய்யலாம். மாசம் அரை மணி நேரம். தென்னைக்கு வந்த வெள்ளை ஈயை எப்படிச் சமாளிச்சோம், காட்டுப் பன்னிக்கு என்ன செஞ்சோம், வாரக் கடன்காரங்க வாசல்ல வந்து நின்னா என்ன பேசணும், பாட்டிமாருக்குத் தெரிஞ்ச தாலாட்டு. பதிஞ்சதை ஒரு ஸ்பீக்கர்ல மாசக் கூட்டத்துல போடுவோம். ஒரு வருஷம் விடாம ஓடுச்சுன்னா அப்புறம் லைசென்ஸ் மனுவைப் பத்திப் பேசலாம்.

ஊருக்கு ரெண்டு பேர் வேணும். ஒருத்தர் பேச்சுக் குடுக்கிறவங்க, ஒருத்தர் போனைப் பிடிக்கிறவங்க. தீர்மான நோட்டு இங்க மேசை மேலதான் இருக்கு. சாப்பாட்டுக்கு எந்திரிக்கிறதுக்கு முன்னால பேர் குடுத்துட்டுப் போங்க. எங்க ஊருக்கு முதல் பேர் நான் எழுதியாச்சு.