கண்டவர் சொல்லும் ஞாபகமும்
(பழவேற்காட்டில் நம் குலத்தார் கூடிய சபையில் செய்த பிரசங்கம்)



இவ்வேரியில் இன்னார் இன்ன முறையில் இன்ன இடத்தில் வலையிடுவது என்று சீட்டெடுத்து வகுக்கும் 'பாடு' என்னும் ஏற்பாடு, பட்டினவராகிய நமக்கு முன்னோர் வைத்துப்போன சொத்து. அதில் வழக்கு நேருங்கால் பஞ்சாயத்தார் பெரும்பாலும் நம்புவது கண்டவர் வாய்ச்சொல்லையே. அச்சொல்லால் ஒருவன் அபராதம் இறுப்பான். அவன் வீட்டில் அடுப்பெரியாத நாளும் உண்டாகும்.

பொய்ச்சாட்சியைப் பற்றி நாம் பேச வரவில்லை. அதற்குப் பரிகாரம் பெரியோர் அறிவார்கள். மெய்யே பேசுகிறவன் தவறுவதுதான் இங்கு விஷயம்.

1912-ஆம் வருஷம் ஏப்ரல் 15-ஆம் தேதி அட்லாண்டிக் சமுத்திரத்தில் டைட்டானிக் கப்பல் மூழ்கிற்று. பிழைத்தவருள் சிலர் அது இரண்டாய் முறிந்தது என்றனர். சிலர் முழுமையாகவே அமிழ்ந்தது என்றனர். பின்னவருள் லைட்டோலர் என்னும் கப்பலதிகாரியும் ஒருவர். அமெரிக்காவிலும் இங்கிலாந்திலும் நடந்த விசாரணைகள் இரண்டும் முறியவில்லை என்றே முடிவு கூறின. 1985-இல் கடலடியில் கண்டபோதோ கப்பல் இரு துண்டாய்க் கிடந்தது! லைட்டோலர் கடலறிந்தவர், ஆயினும் நள்ளிரவு கழிந்த இருளில், கவிழ்ந்த படகொன்றைப் பற்றிக்கொண்டு உயிர் தப்பியவர். அந்நிலையில் எவர் கண்தான் தெளிவாய் இருக்கும்?

கண் பிழைப்பது ஒருபுறமிருக்க, கேள்வியே ஞாபகத்தைக் கெடுப்பதும் உண்டு. 1974-இல் எலிசபெத் லாப்டஸ், ஜான் பால்மர் என்னும் அமெரிக்க ஆராய்ச்சியாளர் இருவர் மோட்டார் விபத்துப் படமொன்றை மாணவர்க்குக் காட்டினர். வண்டிகள் 'இடித்தபோது' என்ன வேகம் என்று 50 பேரையும், 'நொறுங்க மோதியபோது' என்ன வேகம் என்று வேறு 50 பேரையும் கேட்டனர். ஒரு வாரம் கழித்து, உடைந்த கண்ணாடியைக் கண்டீர்களா என்று வினவ, முன்னவரில் 7 பேரும் பின்னவரில் 16 பேரும் கண்டோம் என்றனர். படத்தில் உடைந்த கண்ணாடியே இல்லை.

நம் பஞ்சாயத்திலோ, எடுத்த எடுப்பிலேயே 'வலையை அறுத்தவன் எந்தப் பக்கம் போனான்?' என்று கேட்கிறோம். வலை தானே கிழிந்ததா, அறுக்கப்பட்டதா என்பது அப்போது யாருக்கும் தெரியாது! சாட்சிகள் நால்வரும் முன்னமே கரையில் கூடிப் பேசிவிட்டும் வருகிறார்கள். நால்வர் சொல்லும் ஒத்திருக்கக் கண்டு மகிழ்கிறோம். அது ஒரே சாட்சியம் நாலு வாயால் வந்ததாகவும் இருக்கலாமன்றோ?

ஆதலின் வழக்கு எழுந்த அன்றே சாட்சிகளைத் தனித்தனியே அழைத்து, 'என்ன கண்டாய்?' என்று மட்டும் கேட்டு, அவர் சொன்னபடியே நம் படித்த பிள்ளைகளைக் கொண்டு எழுதி வைக்கக் கோருகிறோம். எவ்வளவு தூரத்தில் நின்றார், பொழுது என்ன, வெளிச்சம் எப்படி என்பதையும் எழுத வேண்டும். வருகிற பாட்டுச் சீட்டு நாளிலேயே இதற்கென்று ஒரு நோட்டுப் புத்தகம் வாங்கித் தலைவர் வீட்டில் வைக்கலாம்.