ஊர் சொன்னதும் உள்ளம் சொன்னதும்



ஆஸ்திரியாவில், ஜெர்மன் எல்லையை ஒட்டிய சிற்றூர் சங்க்ட் ராடெகுண்ட். அங்கே ஃபிரான்ஸ் யேகர்ஷ்டேட்டர் என்றொரு விவசாயி இருந்தார். இளவட்டத்தில் ஊரிலேயே முதலில் மோட்டார் சைக்கிள் ஓட்டியவர். 1936இல் ஃபிரான்சிஸ்காவைக் கைப்பிடித்தார். மூன்று பெண் குழந்தைகள். வயலும் மாடும் கோயிலுமாக நாட்கள் போயின.

1938 மார்ச்சில் ஹிட்லரின் படை ஆஸ்திரியாவுக்குள் வந்தது. ஏப்ரல் 10ஆம் தேதி, ஜெர்மனியோடு இணைய ஒப்புதல் கேட்டு வாக்கெடுப்பு. நாடு முழுவதும் 99 சதவீதத்துக்கும் மேல் ஒப்புதல். அந்த ஊரில் ஒரே ஒரு ஓட்டு எதிராக விழுந்தது. அது ஃபிரான்ஸ் போட்டது. ஊரே ஒருமனதாக ஆதரித்தது என்று அறிவித்து, அந்த ஒற்றை ஓட்டையும் அதிகாரிகள் மறைத்துவிட்டார்கள்.

அவர் கூட்டம் கூட்டவில்லை, கோஷம் போடவில்லை. அரசு தந்த குழந்தைகள் உதவித்தொகையை மட்டும் வேண்டாம் என்றார். ஹிட்லருக்காகத் துப்பாக்கி ஏந்த மாட்டேன் என்பதில் உறுதியாக இருந்தார். அவர் மனதை மாற்ற வந்தவர்கள் யாரும் கெட்டவர்கள் அல்லர். உறவினர்கள் வந்தார்கள். பங்குத்தந்தை பேசினார். லின்ஸ் ஆயரிடம் ஃபிரான்ஸே போய்க் கேட்டார். எல்லோரும் சொன்னது ஒன்றுதான்: பெண்டாட்டி பிள்ளைகளை நினைத்துப் பார். அன்போடு சொன்ன சொல் அது. அதனால்தான் அதை மறுப்பது அத்தனை கடினம். அச்சுறுத்தலை எதிர்த்து நிற்கலாம். நம் நல்லதை நினைப்பவர்களிடம் என்ன பேசுவது?

ஃபிரான்சிஸ்காவும் முதலில் கெஞ்சினார். எல்லோரும் கணவரை ஏசத் தொடங்கியதும் நிறுத்திக்கொண்டார். நானும் கைவிட்டால் அவருக்கு யார் இருக்கிறார்கள் என்று நினைத்ததாகப் பிற்காலத்தில் சொன்னார்.

படைக்கு அழைக்கப்பட்டு 1943 மார்ச் 1ஆம் தேதி என்ஸ் ராணுவ முகாமில் ஆஜரான ஃபிரான்ஸ், போரிட மறுத்தார். காயம்பட்டவர்களைக் கவனிக்கும் மருத்துவப் பணி என்றால் செய்கிறேன் என்றார். ராணுவ நீதிமன்றம் ஏற்கவில்லை. ஆகஸ்ட் 9ஆம் தேதி பிராண்டன்பர்க் சிறையில் தலையைத் துண்டித்தார்கள். வயது 36.

போர் முடிந்தும் ஊரின் மனம் இளகவில்லை. கல்யாணத்துக்குப் பிறகுதான் ஃபிரான்ஸ் இப்படிப் பக்திமானாக மாறினார், எல்லாம் அவள் வேலை என்று ஃபிரான்சிஸ்கா மேல் பழி போட்டார்கள். போர் விதவைகளுக்கான ஓய்வூதியம் அவருக்கு 1950 வரை கிடைக்கவில்லை. பண்ணையை நடத்தி மூன்று பெண்களையும் வளர்த்தார். மரண தண்டனைத் தீர்ப்பை பெர்லின் நீதிமன்றம் 1997இல்தான் ரத்து செய்தது. 2007இல் லின்ஸ் நகரில் திருச்சபை ஃபிரான்ஸை அருளாளராக அறிவித்தபோது, 94 வயதான ஃபிரான்சிஸ்காவும் மகள்களோடு அங்கே இருந்தார்.